மனங்களை இணைக்கும் மதம்: மெர்சரிசமும் மூளை சிப்பும்

2024 ஜனவரியில் நியூராலிங்க் நிறுவனம் முதன்முறையாக ஒரு மனிதரின் மூளையில், அதன் சிக்னல்களைக் கணினிக்கு அனுப்பும் தன் சிப்பைப் பொருத்தியது. அதற்குப் பிறகு மூளை சிப் பற்றி எந்தச் செய்தி வந்தாலும் கூடவே ஒரு பேச்சும் கிளம்பிவிடுகிறது. இன்று ஒருவர் மனதால் கர்சரை நகர்த்துகிறார், நாளை இரண்டு பேர் மனதாலேயே பேசிக்கொள்வார்கள், அப்புறம் எல்லா மனங்களும் சேர்ந்து ஒரே மனமாகிவிடும் என்கிறார்கள். சிலருக்கு இது பயம். சிலருக்கு முக்தி போல ஒரு நம்பிக்கை.

இதில் மூன்று விஷயங்கள் ஒன்றோடொன்று குழம்பிக் கிடக்கின்றன. ஒரு மூளையிலிருந்து சிக்னல் எடுப்பது, இரண்டு மூளைகளுக்கு நடுவே செய்தி அனுப்புவது, இரண்டு மனங்கள் ஒன்றாவது. முதலாவது நடக்கிறது. இரண்டாவது ஆய்வுக்கூடத்தில் மிகச் சிறிய அளவில் நடந்திருக்கிறது. மூன்றாவது கதைகளில்தான் நடந்திருக்கிறது. அதை ஒரு மதமாகவே வைத்து யோசித்துப் பார்த்தவர் பிலிப் கே. டிக் என்ற அமெரிக்க எழுத்தாளர். அவர் உருவாக்கிய கற்பனை மதத்தின் பெயர் மெர்சரிசம். சிப் செய்திகளைப் படிக்கும்போது என்னென்ன கேள்விகள் கேட்க வேண்டும் என்று தெரிந்துகொள்ள, இதைவிட நல்ல பயிற்சி கிடைப்பது அரிது.

## மெர்சரிசம்: அடிப்படை

டிக் (1928–1982) வில்பர் மெர்சர் என்ற பாத்திரத்தை முதலில் 1964-ல் வெளியான ‘தி லிட்டில் பிளாக் பாக்ஸ்’ சிறுகதையில் கொண்டுவந்தார். 1968-ல் வந்த ‘டூ ஆண்ட்ராய்ட்ஸ் ட்ரீம் ஆஃப் எலெக்ட்ரிக் ஷீப்?’ நாவலில் அந்த மதம் முழு வடிவம் பெற்றது. இந்த நாவலைத் தழுவித்தான் 1982-ல் ‘பிளேடு ரன்னர்’ படம் வந்தது. படத்தில் மெர்சரிசத்தை அடியோடு எடுத்துவிட்டார்கள். படத்தை மட்டும் பார்த்தவர்களுக்கு அப்படி ஒரு மதம் கதையில் இருப்பதே தெரியாது.

கதை நடப்பது ஒரு உலகப் போருக்குப் பிந்தைய சான் பிரான்சிஸ்கோவில். கதிரியக்கத் தூசி வானத்தை மூடியிருக்கிறது. வசதியும் உடல்நலமும் உள்ளவர்கள் செவ்வாய்க்குக் குடிபெயர்ந்துவிட்டார்கள். பெரும்பாலான விலங்குகள் செத்துப்போய்விட்டன. மிச்சமிருக்கும் மனிதர்கள் பாதி காலியான அடுக்குமாடிகளில் தனித்தனியாக வாழ்கிறார்கள். இந்தத் தனிமையில்தான் மெர்சரிசம் வேர்விடுகிறது.

அதற்குக் கோயில் இல்லை, பூசாரி இல்லை. வீட்டுக்கு வீடு ஒரு பெட்டி இருக்கிறது. கதை அதை ஒத்துணர்வுப் பெட்டி என்கிறது. ஒத்துணர்வு என்றால் பிறர் படும் வலியையும் மகிழ்ச்சியையும் நாமே படுவதுபோல் உணர்வது. இரக்கத்திலிருந்து இது கொஞ்சம் வேறு. இரக்கப்படுகிறவர் வெளியே நின்று பார்க்கிறார். ஒத்துணர்பவர் உள்ளே போய்விடுகிறார்.

## பெட்டியைப் பிடித்தால் என்ன நடக்கிறது

ஜான் இசிடோர் என்ற ஒரு பாத்திரம். கதிரியக்கத்தால் புத்தி மங்கியவன் என்று முத்திரை குத்தி, குடிபெயரத் தகுதியில்லை என்று ஒதுக்கப்பட்டவன். ஆளில்லாத கட்டடத்தில் தனியாக இருக்கிறான். மௌனம் தாங்க முடியாமல் பெட்டியின் இரண்டு கைப்பிடிகளையும் பிடிக்கிறான். அறை மறைகிறது. காய்ந்த செடிகள் நிற்கும் ஒரு மொட்டைச் சரிவு. வயதான ஒரு மனிதர் மேலே ஏறிக்கொண்டிருக்கிறார். அவர்தான் மெர்சர். சற்று நேரத்தில் பார்க்கிறவன் இசிடோர், ஏறுகிறவர் மெர்சர் என்ற வேறுபாடு போய்விடுகிறது. கரடுமுரடான கல் அவனுடைய பாதத்தில்தான் குத்துகிறது. அதே நேரத்தில் பூமியிலும் குடியேற்றக் கோள்களிலும் கைப்பிடியைப் பிடித்திருக்கும் எல்லோரும் அதே சரிவில், அதே உடலில் இருக்கிறார்கள். அவர்களுடைய மனங்களின் முணுமுணுப்பு அவனுக்குக் கேட்கிறது.

கண்ணுக்குத் தெரியாத எதிரிகள் கல்லெறிகிறார்கள். ஒரு கல் கையில் படுகிறது. இசிடோர் கைப்பிடியை விடுகிறான், தன் அறைக்குத் திரும்புகிறான், கையிலிருந்து ரத்தம் வழிகிறது. காயம் நிஜம். மலையின் உச்சியில் வதை இன்னும் கடுமையாகும்போது வயதானவர்கள் சிலர் இறந்தே போயிருக்கிறார்கள். நகரத்துக் கட்டடங்களில் என்றால் ஒரு மருத்துவர் தயாராக நிற்பார், அங்கே இருந்தால் பாதுகாப்பாக இருக்குமே என்று அவன் யோசிக்கிறான். இந்தச் சின்ன விவரம் எனக்கு மிக முக்கியமாகப் படுகிறது. மனங்கள் இணைவது இலவசம் அல்ல என்பதை டிக் முதல் காட்சியிலேயே கணக்கில் எழுதிவிடுகிறார்.

மெர்சருக்கு ஒரு புராணமும் உண்டு. குழந்தையாக இருக்கும்போது கடலில் மிதந்த ரப்பர் படகில் கண்டெடுக்கப்பட்டவர். செத்த விலங்குகளை உயிர்ப்பிக்கும் சக்தி இருந்தது. அது சட்டவிரோதம் என்று சொல்லி, அந்தச் சக்தி இருந்த மூளைப் பகுதியைக் கதிர்வீச்சால் அழித்தார்கள். அவர் எலும்புகளும் பிணங்களும் நிறைந்த ஒரு பாதாளத்தில் விழுந்தார். அங்கே எலும்புகள் மறுபடி உயிர்பெறும்வரை காத்திருந்து, மேலே ஏறினார். ஏற்றம், வதை, வீழ்ச்சி, மறுபடி ஏற்றம். இதற்கு முடிவு கிடையாது. பெட்டியைப் பிடிக்கும் எல்லோரும் இந்தச் சுழலுக்குள்தான் நுழைகிறார்கள்.

அன்றாட வாழ்க்கையில் இந்த மதம் கேட்பது ஒன்றுதான்: உயிருள்ள ஒரு விலங்கைப் பராமரி. விலங்கு வைத்திருக்காதவரை அக்கம்பக்கத்தார் ஒத்துணர்வு இல்லாதவராகப் பார்ப்பார்கள். கதாநாயகன் ரிக் டெக்கார்டின் ஆடு செத்துவிட்டது. அதை வெளியே சொல்ல முடியாமல், அதே மாதிரி ஒரு மின்சார ஆட்டை மாடியில் மேயவிட்டிருக்கிறான்.

## ஏன் ஒத்துணர்வை மதமாக்கினார்?

இதற்கு டிக் பேட்டிகளில் சொன்ன காரணம் ஒன்று உண்டு. நாஜிகளைப் பற்றிய தன் முந்தைய நாவலுக்காக ஆவணங்களைப் படித்துக்கொண்டிருந்தபோது, போலந்தில் இருந்த, எஸ்.எஸ். என்ற நாஜிப் படையின் அதிகாரி ஒருவரின் நாட்குறிப்பு அவர் கண்ணில் பட்டது. பட்டினி கிடக்கும் குழந்தைகளின் அழுகையால் இரவில் தூங்க முடியவில்லை என்று அந்த மனிதர் அதில் புகார் எழுதியிருக்கிறார். குழந்தைகள் பசியால் அழுகிறார்கள் என்பது அவருக்குத் தெரியும். அவரைத் தொந்தரவு செய்தது சத்தம் மட்டும்தான். அறிவு முழுதாக இருந்தும் உள்ளே எதுவும் அசையாத மனிதன் எப்படி இருப்பான் என்ற டிக்கின் கேள்வி அங்கே தொடங்கியது. அவருடைய ஆண்ட்ராய்டுகள், அதாவது மனிதரைப் போலவே செய்யப்பட்ட செயற்கை மனிதர்கள், அதிலிருந்து பிறந்தவை.

ஆகவே நாவலில் ஆண்ட்ராய்டுகள் மனிதரைவிடப் புத்திசாலிகளாக இருக்கலாம், ஆனால் பெட்டியைப் பிடித்தால் அவர்களுக்கு எதுவும் நடக்காது. மனிதன் யார், இயந்திரம் யார் என்று பிரிக்கும் கோடு இணையும் திறனில் போடப்பட்டிருக்கிறது. இங்கே ஒரு கசப்பும் ஒளிந்திருக்கிறது. எல்லோரையும் இணைக்கும் மதமே யாரைக் கொல்லலாம் என்று முடிவுசெய்யவும் பயன்படுகிறது. கொலையாளிகளை மட்டுமே கொல் என்று மெர்சர் சொன்னார். யார் கொலையாளி என்று அவர் வரையறுக்கவில்லை. ஆண்ட்ராய்டுகளை வேட்டையாடிச் சம்பாதிக்கும் டெக்கார்ட் அந்த இடைவெளியில்தான் பிழைக்கிறான்.

## இணைவது வேறு, கரைவது வேறு

மனங்கள் ஒன்றாவதைப் பற்றிய கற்பனை மதங்களை இரண்டாகப் பிரித்துப் பார்ப்பது உதவும்.

1. திரும்பி வரும் இணைவு. மெர்சரிசம் இந்த வகை. கைப்பிடியை விட்டால் நீங்கள் நீங்கள்தான். காயத்தோடும், பிறருடைய உணர்வின் மிச்சத்தோடும் வீட்டு வேலையைப் பார்க்கப் போகலாம்.

2. திரும்பாத இணைவு. ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டின் 1974-ல் எழுதிய ‘எ சாங் ஃபார் லையா’ குறுநாவலில் வருவது இது. ஷ்கியா என்ற கோளின் மக்கள் கிரீஷ்கா என்ற ஒட்டுண்ணியைத் தங்கள் மேல் வளரவிட்டு, சில ஆண்டுகள் கழித்து ஒரு குகையில் அதற்குத் தங்களை முழுதாகக் கொடுத்துவிடுகிறார்கள். உடல் அழிகிறது. மனம் அந்தப் பொது வெள்ளத்தில் கலந்துவிடுகிறது. அங்கே அன்பு உண்டு, தனிமை கிடையாது. அதனால்தான் மனிதர்களும் அதில் போய்ச் சேரத் தொடங்குகிறார்கள்.

இரண்டாவது வகையை நம் ஊரில் இரண்டறக் கலத்தல் என்போம். அதைப் பற்றி வெளியே நிற்பவர் விசாரிக்க அதிகம் இல்லை, கலந்தவர் வந்து சொல்லப் போவதில்லை. முதல் வகையில்தான் சிக்கலான கேள்விகள் எழுகின்றன, ஏனென்றால் அங்கே பகிர்ந்தவர் மறுநாள் காலையில் எழுந்து தன் வாழ்க்கையைத் தொடர வேண்டும்.

அப்படி ஒரு கேள்வியை டிக் ஒரு ஆட்டை வைத்துக் காட்டுகிறார். டெக்கார்ட் மூன்று ஆண்ட்ராய்டுகளைக் கொன்ற பணத்தை முன்பணமாகக் கட்டி, உயிருள்ள ஒரு கறுப்பு நுபியன் ஆட்டை வாங்கி வருகிறான். அவன் மனைவி ஐரனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. உடனே பெட்டியைப் பிடித்து இந்த மகிழ்ச்சியை எல்லோருக்கும் கொடுக்க வேண்டும், கொடுக்காவிட்டால் தப்பு என்கிறாள். டெக்கார்டுக்குத் தயக்கம். நம்முடைய சந்தோஷம் அவர்களுக்குப் போகும், அவர்களுடைய உணர்வு நமக்கு வரும், கடைசியில் நமக்கென்று இருந்த சந்தோஷம் காணாமல் போய்விடுமே என்கிறான். அவள் ஒப்புக்கொள்வதில்லை. முன்பு ஒருமுறை தன் விலங்கை இழந்து துடித்துக்கொண்டிருந்த ஒருவரை எல்லோருமாகச் சேர்ந்து தேற்றியதை நினைவுபடுத்துகிறாள். சாகத் துணிந்த ஒருவரைக்கூட அப்படி எட்டியிருக்கலாம் என்று நம்புகிறாள்.

இருவர் பக்கமும் நியாயம் இருக்கிறது. நான் ஐரன் பக்கம். ஆனால் டெக்கார்டின் பயத்தை அலட்சியம் செய்யக் கூடாது. உணர்வுகளை எல்லோருக்கும் சமமாகப் பங்கிட்டால், உச்சத்தில் இருப்பவர் இறங்கியாக வேண்டும், அடியில் கிடப்பவர் ஏறுவார். இணைவு என்பதன் கணக்கே அது. இதைச் சொல்லாமல் ‘எல்லோரும் ஒன்றானால் எல்லோருக்கும் ஆனந்தம்’ என்று மட்டும் சொல்வது பாதி உண்மை.

## பொய் என்று தெரிந்த பிறகும்

நாவலின் பிற்பகுதியில் மெர்சரிசம் அம்பலமாகிறது. நாளுக்கு 23 மணி நேரம் ஒலிபரப்பில் இருக்கும் பஸ்டர் ஃப்ரெண்ட்லி என்ற தொலைக்காட்சிப் பிரபலம் ஆதாரங்களை அடுக்குகிறான். மெர்சர் ஏறும் மலை ஸ்டுடியோ செட். வானத்து நிலவு தூரிகையால் வரைந்தது. மெர்சராக நடித்தவர் ஆல் ஜாரி என்ற குடிகாரத் துணை நடிகர், இந்தியானாவில் ஒரு சின்ன ஊரில் வசிக்கிறார். வழிந்த ரத்தம் கெச்சப். பஸ்டரே ஒரு ஆண்ட்ராய்டு என்பதால் ஆண்ட்ராய்டுகளுக்குக் கொண்டாட்டம். இணைவின் அனுபவம் இல்லையென்றால் மனிதர்களிடம் ஒத்துணர்வு இருக்கிறது என்பதற்கு அவர்கள் சொல்லைத் தவிர வேறு அத்தாட்சி இல்லையே என்று அவர்களில் ஒருத்தி சொல்கிறாள்.

இதே நேரத்தில் இசிடோரின் கண்முன்னே ஒரு ஆண்ட்ராய்டு பெண், நான்கு கால்களில் நடக்குமா என்று பார்ப்பதற்காக ஒரு சிலந்தியின் கால்களைக் கத்தரிக்கோலால் வெட்டுகிறாள். இசிடோர் உடைந்துபோகிறான். அப்போது அவனுக்கு மெர்சர் தோன்றுகிறார். பஸ்டர் சொன்னதெல்லாம் உண்மை, நான் ஜாரிதான் என்று ஒத்துக்கொள்கிறார். ஆனாலும் எதுவும் மாறவில்லை, ஏன் மாறவில்லை என்பது ஆண்ட்ராய்டுகளுக்குப் புரியாது என்கிறார். கால்கள் திரும்ப முளைத்த சிலந்தியை அவன் கையில் கொடுக்கிறார்.

இந்த இடத்தில்தான் மெர்சரிசம் சாதாரணக் கற்பனை மதங்களிலிருந்து விலகி நிற்கிறது. படம் பொய், காயம் நிஜம். பெட்டி காட்டிய மலை செட்டாக இருக்கலாம். அதைப் பிடித்த லட்சக்கணக்கானவர்கள் அந்த நேரத்தில் ஒருவரையொருவர் உணர்ந்தது செட் அல்ல. பஸ்டர் அதே மூச்சில் சொல்லும் இன்னொரு எச்சரிக்கையையும் மறக்கக் கூடாது. எல்லோரையும் ஒரே உயிராக இணைத்து, அந்த உயிர் ‘மெர்சர்’ என்ற ஒரே குரலுக்குக் கட்டுப்படும் என்றால், அதிகார ஆசை பிடித்த ஒருவன் அந்தக் குரலைக் கைப்பற்றினால் என்ன ஆகும்? கேட்பவன் கெட்டவன் என்பதால் கேள்வி தவறாகிவிடாது.

## ஆய்வுக்கூடத்தில் என்ன நடந்திருக்கிறது

மூளையின் மின் அலைகளை எழுதும் ஈ.ஈ.ஜி. முறையே மனங்கள் தொட்டுக்கொள்ள முடியுமா என்ற ஏக்கத்தில் பிறந்தது. ஜெர்மானிய மருத்துவர் ஹான்ஸ் பெர்கர் இளம் வயதில் ராணுவப் பயிற்சியின்போது குதிரையிலிருந்து விழுந்து மயிரிழையில் தப்பினார். அன்றே வீட்டிலிருந்து தந்தி வந்தது. தொலைவில் இருந்த அவருடைய அக்காவுக்கு, தம்பிக்கு ஏதோ ஆபத்து என்று தோன்றியிருக்கிறது. இது எப்படிச் சாத்தியம் என்று தேடிப் புறப்பட்டவர் 1924-ல் மனித மூளையின் மின் அலையைப் பதிவு செய்தார். டெலிபதி கிடைக்கவில்லை, ஈ.ஈ.ஜி. கிடைத்தது.

மூளையிலிருந்து மூளைக்கு நேரடியாகச் செய்தி அனுப்பும் முக்கியமான சோதனை 2013 ஆகஸ்டில் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் நடந்தது. ராஜேஷ் ராவ் என்ற ஆய்வாளர் (சிந்து எழுத்து பற்றிய கணினி ஆய்வால் நம்மில் சிலருக்குத் தெரிந்தவர்) ஒரு வீடியோ கேமைப் பார்த்துக்கொண்டு, வலது கையை அசைப்பதாக மனதில் நினைத்தார். அவர் தலையில் ஈ.ஈ.ஜி. தொப்பி. அந்த சிக்னல் இணையம் வழியாகப் பல்கலைக்கழகத்தின் வேறொரு கட்டடத்தில் இருந்த ஆண்ட்ரியா ஸ்டோக்கோவுக்குப் போனது. அவர் தலைக்கு மேலிருந்த காந்தச் சுருள் ஒரு துடிப்பைச் செலுத்த, அவருடைய கை விருட்டென்று கீபோர்டை அழுத்தியது. தானாக வெட்டி இழுக்கும் நரம்பு போல இருந்தது என்றார் அவர். ராவ் என்ன நினைத்தார் என்பது அவருக்குத் தெரியவில்லை. கை மட்டும் அசைந்தது.

2019-ல் அதே குழுவினர் பிரெயின்நெட் என்ற மூன்று பேர் சோதனையை வெளியிட்டார்கள். விழும் கட்டைகளைத் திருப்பி வரிசையில் பொருத்தும் டெட்ரிஸ் போன்ற விளையாட்டு. இரண்டு பேருக்கு முழுத் திரையும் தெரியும். மூன்றாமவர்தான் கட்டையைத் திருப்ப வேண்டும், ஆனால் கீழ்வரிசை அவருக்குத் தெரியாது. முதல் இருவர் மின்னும் விளக்கைப் பார்த்து ‘திருப்பு’ அல்லது ‘திருப்பாதே’ என்று முடிவை அனுப்புவார்கள். காந்தத் துடிப்பால் மூன்றாமவருக்குக் கண்ணுக்குள் ஒரு ஒளிப்பொறி தெரிந்தால் திருப்பு, தெரியாவிட்டால் வேண்டாம். ஐந்து குழுக்களின் சராசரித் துல்லியம் 81.25 சதவீதம். அனுப்புகிறவர்களில் ஒருவரின் சிக்னலில் வேண்டுமென்றே பிழை கலந்தார்கள். எவரை நம்புவது என்பதைப் பெறுகிறவர் தானாகவே கற்றுக்கொண்டார்.

அருமையான சோதனை. ஆனால் ஒவ்வொரு முறையும் போய்ச் சேர்ந்தது ஆம் அல்லது இல்லை, அவ்வளவுதான். மூன்று தலைகளும் மூன்றாகவே இருந்தன. அப்படி இருந்ததால்தான் எவரை நம்புவது என்ற கேள்வியே எழ முடிந்தது.

## இதிலிருந்து இணைவுக்கு ஏன் இவ்வளவு தூரம்

1. பாதை குறுகலானது. ஒரே மனிதரின் மூளையின் இரண்டு பாதிகளை இணைக்கும் நரம்புக் கட்டில் சுமார் 20 கோடி இழைகள் இருக்கின்றன. கடும் வலிப்புக்குச் சிகிச்சையாக அதை வெட்டியவர்களை ரோஜர் ஸ்பெரி ஆராய்ந்தார், 1981-ல் நோபல் பரிசு பெற்றார். இடது பக்கம் பார்ப்பது மூளையின் வலப்பாதிக்குப் போகிறது, பேச்சு பெரும்பாலும் இடப்பாதியில் இருக்கிறது; அதனால் இடது பக்கம் பார்த்ததை அவர்களால் வாய்விட்டுச் சொல்ல முடியவில்லை, இடது கை மட்டும் அதைச் சரியாகத் தேடி எடுத்தது. ஒரு தலைக்குள்ளேயே மனம் ஒன்றாக இருக்க இத்தனை இழைகள் வேண்டும். நியூராலிங்க் சிப்பில் இருப்பது 1,024 மின்முனைகள்.

2. மொழி ஒன்றல்ல. ‘கையை அசை’ என்பதற்கு என் மூளையில் எந்த நரம்பணுக்கள் எந்த வரிசையில் துடிக்கின்றனவோ, அதே வரிசை உங்கள் மூளையில் இருக்காது. அதனால்தான் சிப் பொருத்திய ஒவ்வொருவருக்கும் கணினியைத் தனியாகப் பழக்க வேண்டியிருக்கிறது. நினைவு, துக்கம், வெட்கம் போன்றவற்றுக்கு அப்படிப் பழக்கும் வழி இன்று கையில் இல்லை.

3. அறிவது வேறு, உணர்வது வேறு. உங்களுக்கு வலிக்கிறது என்ற தகவல் எனக்கு வந்து சேரலாம். எனக்கு வலிக்குமா?

இந்த மூன்றாவது புள்ளியில் ஒரு ஆறுதலான கண்டுபிடிப்பு உண்டு. 2004-ல் டானியா சிங்கர் குழுவினர் தம்பதிகளை வைத்து ஒரு ஆய்வு செய்தார்கள். துணைவரின் கையில் மின் அதிர்ச்சி கொடுக்கப்படுகிறது என்று தெரிந்ததும், பெண்ணின் மூளையில் வலியின் வேதனையைச் சார்ந்த பகுதிகள் விழித்துக்கொண்டன. வலி உடலில் எந்த இடத்தில் என்பதைக் குறிக்கும் பகுதி விழிக்கவில்லை. காயம் இல்லாமல், துயரம் மட்டும் கடந்து வருகிறது. இசிடோரின் பெட்டி செய்வதில் ஒரு பாதியை, கம்பி எதுவும் இல்லாமல் நம் மூளை ஏற்கனவே செய்துகொண்டிருக்கிறது. ஒத்துணர்வு வேண்டும் என்பதற்காக மூளை சிப்பை எதிர்பார்ப்பவர்கள் இதை மனதில் வைக்க வேண்டும்.

## பெட்டி யாருடையது?

ஒத்துணர்வுப் பெட்டியை யார் தயாரிக்கிறார்கள், மெர்சரின் மலையை யார் ஒளிபரப்புகிறார்கள் என்று நாவலில் வரும் பக்தர்கள் விசாரிப்பதில்லை. நிஜ உலகில் அந்தக் கேள்வியைச் சில இடங்களில் கேட்கத் தொடங்கிவிட்டார்கள். சிலி நாடு 2021-ல் தன் அரசியலமைப்பைத் திருத்தி, மூளைச் செயல்பாட்டையும் அதிலிருந்து கிடைக்கும் தகவலையும் பாதுகாக்க வேண்டும் என்று சேர்த்தது. 2023 ஆகஸ்டில் அந்நாட்டு உச்ச நீதிமன்றம், தலையில் அணியும் ஈ.ஈ.ஜி. கருவி விற்கும் எமோட்டிவ் என்ற நிறுவனம் ஒரு பயனரிடமிருந்து சேகரித்த மூளைத் தகவலை அழிக்க உத்தரவிட்டது. அமெரிக்காவில் கொலராடோவும் கலிபோர்னியாவும் 2024-ல் மூளைத் தகவலை அந்தரங்கத் தகவலாக வகைப்படுத்திச் சட்டம் இயற்றின.

இவை நல்ல தொடக்கங்கள். ஆனால் இவை எல்லாமே ஒரு தலை, ஒரு தகவல், ஒரு உரிமையாளர் என்ற கணக்கில் எழுதப்பட்டவை. மனங்களை இணைக்கும் கருவி என்று ஒரு நிறுவனம் சந்தைக்கு வந்தால், வாங்குவதற்கு முன் கேட்க வேண்டியவை வேறு:

1. கைப்பிடியை எந்த நொடியிலும் விட முடியுமா? வெளியேறும் முடிவு என்னுடையதா, கருவியுடையதா?

2. எல்லோரோடும் இணைந்திருக்கும்போது என் மனதில் எழும் எண்ணம் என்னுடையதா, பக்கத்தில் இருப்பவருடையதா, இணைப்பை நடத்தும் நிறுவனம் நுழைத்ததா என்று எனக்குத் தெரியுமா? பிரெயின்நெட்டில் யார் சொன்னது என்று பிரித்தறிய முடிந்தது. அந்த வசதி இங்கேயும் இருக்குமா?

3. ஐரனின் மகிழ்ச்சியும் முகம் தெரியாத ஒருவரின் துக்கமும் கலந்த ஒரு பதிவு கருவியில் சேமிக்கப்பட்டால், அதை அழிக்கச் சொல்லும் உரிமை இருவரில் யாருக்கு? ஒருவர் அழிக்கச் சொல்லி, மற்றவர் கூடாது என்றால்?